விடிவெள்ளி என்று எழுத வேண்டிய இடத்தில்

கருவடிக்குப்பம்,
புதுச்சேரி - 8.
12.10.2006

ஜாக்லின் அண்ணிக்கு,

அன்புசெல்வி எழுதுவது. நலம் விசாரிக்கிற நிலையில் நான் இல்லை. நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

நேற்று பள்ளிக்கூடத்தில் அரை நாள் லீவு சொல்லிவிட்டு முனிசிபாலிட்டிக்குப் போனேன். ஜூலையில் பிள்ளை பிறந்தபோது பிறப்பை மட்டும் பதிந்துவிட்டு, பெயர் இடத்தைக் காலியாக விட்டிருந்தோம். ஒரு வருஷத்துக்குள் வந்து பெயர் சேர்த்துக்கொள்ளலாம் என்று சொல்லியிருந்தார்கள். விடிவெள்ளி என்று எழுதிக் கொடுக்கத்தான் போனேன். அங்கே இராமதாஸ் என்று ஒரு கிளார்க், வயசானவர், ரிஜிஸ்டரைப் புரட்டிவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார். "பேரு செப்டம்பர்லயே ஏறிடுச்சேம்மா. எஸ்தெல்னு இருக்குது. உங்க பொண்ணு எஸ்தெல் தானே?" என்று கேட்டார். மூன்று மாதமாக நான் பால் கொடுக்கிற பிள்ளையின் பெயரை ஒரு கிளார்க் சொல்லி நான் தெரிந்துகொண்டேன்.

ஃபாரத்தைக் காட்டச் சொன்னேன். கீழே உங்கள் தம்பியின் கையெழுத்து. மேலே பெயரை எழுதிய கை அவருடையது இல்லை. E-யின் தலையில் ஒரு கொக்கி போட்டு எழுதுகிற ஆள் இந்தக் குடும்பத்தில் ஒருவர்தான். வருஷா வருஷம் கிறிஸ்மஸ் கார்டில் பார்க்கிறேன்.

உங்கள் தம்பிக்குப் போன் போட்டேன். "அக்கா கேட்டாங்க, வெறும் ஃபாரத்துல கையெழுத்து போட்டுக் குடுத்துட்டேன். நீங்க ரெண்டு பேரும் பேசி எழுதிக்குவீங்கன்னு நெனச்சேன்" என்கிறார். பிரெஞ்சுப் பட்டாளத்தில் பதினோரு வருஷமாகச் சொல்தாவாக, சிப்பாயாக இருக்கிற மனுஷன். துப்பாக்கி பிடிக்கிற கை, அக்கா நீட்டினால் காலிக் காகிதத்தில் கையெழுத்துப் போடுகிறது. அவரை நான் தனியாகப் பார்த்துக்கொள்கிறேன். இந்தக் கடிதம் உங்களுக்கு.

ஆகஸ்டில் நீங்கள் வந்து ஞானஸ்நானம் நடத்தினீர்கள். நீங்கள்தான் மரேன், ஞானத்தாய். கோயிலில் தெரேஸ் என்று பெயர் வைத்தீர்கள். நான் வைத்திக்குப்பத்து இந்துப் பெண், ஒரு வார்த்தை குறுக்கே பேசினேனா? கோயில் பெயர் உங்களுடையது, ரிஜிஸ்டர் பெயர் என்னுடையது என்று சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து பேசி முடித்தோம். நீங்கள் தலையாட்டினீர்கள். தம்பி லீவு முடிந்து பிரான்சுக்குப் போன பிறகும் ஒரு வாரம் தங்கினீர்கள். அந்த வாரத்தில்தான் ஃபாரம் போயிருக்கிறது. என் வீட்டில் சாப்பிட்டுக்கொண்டே இதைச் செய்திருக்கிறீர்கள்.

போனில் பேசினால் "கேக்கல, கேக்கல" என்று வைத்துவிடுகிறீர்கள். அதனால் எழுதுகிறேன். எனக்கு எழுத்தில் பதில் வேண்டும்.

அன்புசெல்வி


சார்செல், பிரான்ஸ்
2006 அக்டோபர் 24

அன்புசெல்விக்கு,

ஆண்டவருடைய சமாதானம் உன் வீட்டில் இருக்கட்டும். இப்போது அது இல்லை என்று தெரிகிறது.

எனக்கு ஐம்பத்திரண்டு வயது. இப்படி ஒரு கடிதம் என் வாழ்நாளில் எனக்கு வந்ததில்லை. ஆமாம், நான்தான் எழுதினேன். இல்லை என்று பூசி மெழுக நான் திருடி இல்லை. எங்கள் குடும்பத்தில் மரேன்தான் பெயர் வைப்பது. என் அம்மாவுக்கு அவர்களுடைய மரேன் வைத்தார்கள், எனக்கு என்னுடையவர்கள் வைத்தார்கள், யாரும் அதற்காக முனிசிபாலிட்டியில் போய் அழவில்லை.

நீ பேசி முடித்தோம் என்கிறாய். நீ பேசினாய், நான் கேட்டுக்கொண்டிருந்தேன். விருந்தாளிகள் இருந்த மேஜையில் நான் சண்டை போடுகிறவள் இல்லை.

பெயரைப் பற்றிச் சொல்கிறேன், பொறுமையாகப் படி. நான் இங்கே முனிசிபல் கிரேஷில் இருபது வருஷமாக வேலை செய்கிறேன். வேலைக்குப் போகிற தாய்மார்கள் காலையில் கைக்குழந்தைகளை எங்களிடம் விட்டுவிட்டுப் போவார்கள். கோட்டு மாட்டுகிற ஆணிக்கு மேலே ஒவ்வொரு பிள்ளையின் பெயரையும் நான்தான் எழுதி ஒட்டுவேன். யாழினி என்று ஒரு இலங்கைத் தமிழ்ப் பிள்ளை வந்தது. முதல் வாரம் 'யஸ்லினி' என்றார்கள். அடுத்த மாதம் 'லினி'. பொங்கலுக்குள் 'லீன்' ஆகிவிட்டது. தாய்க்காரி தடுத்தாளா? கடைசியில் அவளே வாசலில் நின்று லீன் என்று கூப்பிட்டாள். உன் விடிவெள்ளியை இவர்கள் என்ன செய்வார்கள் என்று எனக்குத் தெரியும். பள்ளிக்கூடத்தில் பெயர் கூப்பிடும்போது டீச்சர் ஒரு நிமிஷம் நிறுத்துவாள். வகுப்பு முழுக்கத் திரும்பிப் பார்க்கும். பதினெட்டு வயசு வரைக்கும், பள்ளிக்கூடம் திறக்கிற ஒவ்வொரு செப்டம்பரும் அந்த ஒரு நிமிஷம் உண்டு. அது உன் பிள்ளைக்கு வேண்டாம் என்று நினைத்தது குற்றமா?

நீ நட்சத்திரம் கேட்டாய். எஸ்தெல் என்றால் நட்சத்திரம்தான். உன் ஆசையைத்தான் பிரெஞ்சில் எழுதினேன். நீ நன்றி, மெர்ஸி என்று சொல்வாய் என்றுகூட நினைத்தேன்.

என் மகன் ஜூல் இன்னொன்றும் சொன்னான். விடிவெள்ளி நட்சத்திரமே இல்லையாம், கிரகமாம். நீ கணக்கு டீச்சர், உனக்குத் தெரியாமல் இருக்காது. அது மீன்காரர்கள் நேரம் பார்க்கிற வெளிச்சம். அதைப் பிடித்துக்கொண்டு ஒரு பெண் பிள்ளைக்குப் பெயராக வைத்து, பாஸ்போர்ட்டில் ஏற்றி, பிரான்சுக்குக் கொண்டுவர வேண்டுமா?

கோபம் தணிந்ததும் எழுது. பாப்பாவுக்கு ஸ்வெட்டர் அனுப்பியிருக்கிறேன்.

ஜாக்லின்


கருவடிக்குப்பம்,
06.11.2006

அண்ணி,

ஸ்வெட்டர் வந்தது. இங்கே மழை பெய்தாலும் புழுங்குகிறது. மடித்து வைத்திருக்கிறேன்.

கிரகம் என்று எனக்குத் தெரியும். எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கும் தெரியும். எங்கம்மா அமிர்தவல்லிக்குத் தெரியாது. அவள் கூடையை எடுத்துக்கொண்டு கரைக்கு ஓடும்போது அது கிரகமா நட்சத்திரமா என்று நின்று யோசித்திருந்தால் நல்ல மீனையெல்லாம் வேறு ஆள் வாங்கிப் போயிருப்பாள், நான் காலேஜ் வாசலை மிதித்திருக்க மாட்டேன்.

எஸ்தெல் என்றால் நட்சத்திரம்தான், நானும் அகராதி பார்த்தேன். ஏதோ ஒரு நட்சத்திரம். வானத்தில் கிடக்கிற எத்தனையோவில் ஒன்று. விடிவெள்ளி அப்படி இல்லை. அது ஒன்றே ஒன்று. கடலில் இருக்கிறவன் அதைப் பார்த்துவிட்டு வலையை இழுத்துக்கொண்டு கரைக்குத் திரும்புவான். கரையில் இருக்கிறவள் அதைப் பார்த்துவிட்டு அவனுக்காகப் போய் நிற்பாள். எங்கள் வீட்டில் கடிகாரம் வாங்கியதே நான் எட்டாவது படிக்கும்போதுதான். வருஷத்தில் சில மாதம் அது விடியலில் வராது, சாயங்காலம் மேற்கே போய்விடும். அந்த மாதங்களில் அம்மா பக்கத்து வீட்டுச் சேவலை நம்பி எழுந்து, தாமதமாகப் போய், மிச்சம் மீதியை வாங்கிக்கொண்டு திட்டிக்கொண்டே வருவாள். வெள்ளி இருக்கிற மாதங்களில் எங்கள் வீட்டில் நல்ல சாப்பாடு. எனக்கு அந்தப் பெயர் பிடித்ததற்கு வேறு பெரிய காரணம் எதுவும் இல்லை.

பிள்ளை பிறந்த அன்றைக்கு நீங்கள் இங்கே இல்லை. முதல் நாள் காலையிலிருந்து வலி. எனக்கு உயிர் மேல் ஆசையே போய்விட்டது. அம்மா வெளியே போய்ப் பார்த்துவிட்டு வந்து, "வெள்ளி மொளைச்சிடுச்சிடி. இனிமே பொறந்துடும்" என்றாள். இருபது நிமிஷத்தில் பிறந்தாள். அம்மா சொன்னதால் பிறந்தாள் என்று நான் சொல்லவில்லை. எனக்கு அந்த இருபது நிமிஷத்தைத் தாங்க அந்த வார்த்தைதான் இருந்தது.

இந்த ஊரில் நட்சத்திரப் பெயருக்குப் பஞ்சமில்லை. லாஸ்பேட்டையில் என் வகுப்பிலேயே மூன்று ரேவதி, இரண்டு ரோகிணி, ஒரு சுவாதி. விடிவெள்ளி என்று ஒரு பெண்ணை நான் பார்த்ததே இல்லை. மேடையில் பேசுகிறவனுக்கு, சுவரொட்டியில் கை கூப்பி நிற்கிறவனுக்கெல்லாம் அந்தப் பட்டத்தைக் கொடுத்துவிடுவார்கள். ஒரு பெண் பிள்ளைக்குப் பெயராகக் கொடுக்க மட்டும் கைவராது. எனக்கு வருகிறது.

மீன்காரர்கள் பார்க்கிற வெளிச்சம் என்று எழுதியிருக்கிறீர்கள். ஆமாம். அந்த வரியை நான் நான்கு தடவை படித்தேன். அம்மாவுக்குப் படித்துக் காட்டவில்லை. உங்களுக்காக இல்லை, அவளுக்காக.

யாழினி கதையையும் படித்தேன். ஒரு சந்தேகம். அந்தக் கிரேஷில் தமிழ் தெரிந்த ஒரே ஆள் நீங்கள். ஆணிக்கு மேலே பெயர் எழுதி ஒட்டுவதும் நீங்கள். யஸ்லினி என்று ஒருத்தி சொன்னபோது "அப்படி இல்லை, யாழினி" என்று ஒரு தடவை திருத்தினீர்களா? லீன் என்கிற சீட்டை எழுதி ஒட்டியது யார், அண்ணி?

போன மாதம் இந்த ஊருக்கே பெயரை மாற்றினார்கள். பாண்டிச்சேரி போய்ப் புதுச்சேரி. நீங்கள் உறையில் இன்னும் பழைய பெயரைத்தான் எழுதுகிறீர்கள், போஸ்ட்மேன் ஆதிமூலமும் முகம் சுளிக்காமல் கொண்டுவந்து கொடுக்கிறார். ஊர் எதையும் பொறுத்துக்கொள்ளும். நான் பொறுத்துக்கொள்ள மாட்டேன்.

அன்புசெல்வி


சார்செல்
2006 நவம்பர் 20

அன்புசெல்விக்கு,

நீ என்னைக் கேள்வி கேட்கிற இடத்துக்கு வந்துவிட்டாய். சரி.

நான் பத்தொன்பது வயதில் இங்கே வந்தேன். குளிர்காலத்தில் செருப்போடு இறங்கினேன். இங்கே யார் பெயரை யார் திருத்துவது என்று உனக்கு என்ன தெரியும்? திருத்துகிற வேலை எனக்குக் கொடுக்கப்படவில்லை. பிள்ளைகளுக்குத் துடைத்துவிடுகிற வேலை கொடுத்தார்கள், செய்தேன். அந்தப் பிள்ளை லீன் என்று கூப்பிட்டால் சிரித்துக்கொண்டு ஓடி வரும். அதை நீ பார்க்கவில்லை.

இனி நடக்க வேண்டியதைப் பேசுவோம். தம்பி அத்ரியானுக்கு மார்ச் மாதம் குடும்பக் குடியிருப்பு கிடைக்கிறது. அதற்குள் பிள்ளையின் பிறப்பைப் பிரெஞ்சு ரிஜிஸ்டரில் ஏற்ற வேண்டும், பாஸ்போர்ட் எடுக்க வேண்டும். புதுச்சேரி சர்ட்டிபிகேட்டில் எஸ்தெல் என்று இருக்கிறது. அதைக் கொண்டுபோய்க் கொடுத்தால் வேலை முடிந்தது. நீ சண்டை போட்டால் தாமதமாகும். வீடு வேறு ஆளுக்குப் போய்விடும். அப்பாவை விட்டுப் பிள்ளை வளரும். எல்லாம் ஒரு பெயருக்காக.

வீட்டில் நீ விடிவெள்ளி என்று கூப்பிடு. யார் தடுத்தார்கள்? காகிதத்தில் எஸ்தெல் இருக்கட்டும். இரண்டு பெயரோடு வாழ்கிறவர்கள் நம் ஊரில் எத்தனை பேர்.

இதற்கு மேல் இதைப் பற்றி எழுத எனக்கு ஒன்றும் இல்லை.

ஜாக்லின்


கருவடிக்குப்பம்,
04.12.2006

அண்ணி,

எனக்கு எழுத நிறைய இருக்கிறது.

வீட்டில் ஒன்று, காகிதத்தில் ஒன்று என்கிறீர்கள். எங்கப்பாவுக்குப் பெயர் மண்ணாங்கட்டி. அவருக்கு முன்னால் பிறந்த மூன்றும் செத்துப்போனதால், இதையாவது எமன் விட்டுவைக்கட்டும் என்று அந்தப் பெயரை வைத்தார்கள். வீட்டில் எல்லோரும் ராசா என்றுதான் கூப்பிடுவார்கள். ஆனால் ரேஷன் கடையில், ஆஸ்பத்திரியில், என் பள்ளிக்கூட ஃபாரத்தில் எல்லாம் மண்ணாங்கட்டி. பேரன்ட்ஸ் மீட்டிங்கில் அந்தப் பெயரைக் கூப்பிட்டதும் பிள்ளைகள் சிரிக்கும். அவர் எழுந்து நின்று, "நாந்தான் சார்" என்பார். ராசா என்கிற பெயர் அந்த நேரத்தில் எங்கே போனது? காகிதத்தில் இருக்கிற பெயர்தான் கடைசியில் நிற்கிறது. உங்களுக்கும் அது தெரியும். தெரிந்துதான் காகிதத்துக்குப் போனீர்கள்.

மறுபடியும் முனிசிபாலிட்டிக்குப் போனேன். இராமதாஸ் சார் நல்ல மனுஷன், பெரிய அதிகாரியைக் கேட்டுவிட்டு வந்து சொன்னார். "தகப்பன் கையெழுத்து இருக்குது, அதனால நாங்களா அடிக்க முடியாதும்மா. ஃபாரத்த நெரப்புனவங்க, தாய்க்குத் தெரியாம எழுதிட்டேன்னு அவங்க கையால எழுதி, அத்தாட்சி வாங்கி அனுப்பணும். தகப்பனும் ஒரு கடுதாசி குடுக்கணும். அப்பத்தான் பேர மாத்தலாம்" என்றார்.

உங்கள் தம்பி எழுதி அனுப்பிவிட்டார். அவர் கடிதம் என் கையில் இருக்கிறது. மூன்று வரி, அதில் இரண்டு தப்பு, இருந்தாலும் செல்லும். மிச்சம் இருப்பது உங்களுடையது.

நீங்கள் அரசாங்க வேலையில் இருக்கிறவர்கள். அடுத்தவர் கையெழுத்துக்கு மேலே நான் எழுதினேன் என்று எழுதிக் கொடுப்பது உங்களுக்கு எவ்வளவு கஷ்டம் என்று எனக்குப் புரிகிறது. புரிந்துதான் கேட்கிறேன்.

வீடு போனால் போகட்டும். எஸ்தெல் என்கிற பெயரில் எடுத்த பாஸ்போர்ட்டோடு என் பிள்ளை விமானத்தில் ஏறாது. உங்கள் தம்பிக்கு இதைச் சொன்னேன், போனிலேயே அழுதார். நானும் அழுதேன். ஆனாலும் முடிவு அதுதான். அவர் லீவில் வந்து பார்த்துக்கொண்டு போகட்டும். அவர் சம்பளமும் என் சம்பளமும் சேர்ந்தால் இங்கே மூன்று பேர் நன்றாகவே வாழலாம். நீங்கள் எழுதித் தருகிற வரைக்கும் ரிஜிஸ்டரில் யாரோ ஒரு எஸ்தெல் இருப்பாள். என் மடியில் விடிவெள்ளி இருப்பாள். அவளுக்கு இந்த ஊரில் ஒரு காகிதமும் இருக்காது.

அன்புசெல்வி


சார்செல்
2007 ஜனவரி 15

அன்புசெல்விக்கு,

இந்த உறையில் இன்னொரு காகிதம் இருக்கிறது. முதலில் அதைப் படி.

"ஜாக்லின் ஆகிய நான், என் தம்பி அத்ரியான் கையெழுத்திட்ட காலி விண்ணப்பத்தில், குழந்தையின் தாய் அன்புசெல்விக்குத் தெரியாமலும் அவர் சம்மதம் இல்லாமலும் எஸ்தெல் என்ற பெயரை என் கையால் எழுதி 2006 செப்டம்பர் 4 அன்று கொடுத்தேன். தாய் தேர்ந்தெடுத்த பெயர் விடிவெள்ளி. அது எனக்கு அப்போதே தெரியும்."

மேரியில், அதாவது இங்கத்து முனிசிபாலிட்டியில், என் கையெழுத்துக்கு அத்தாட்சி வாங்கினேன். கவுண்டரில் இருந்த பெண்ணுக்கு என்னைத் தெரியும், அவள் பிள்ளை எங்கள் கிரேஷில்தான் இருந்தது. தமிழில் இருக்கிறதே, என்ன எழுதியிருக்கிறீர்கள் என்று கேட்டாள். சொன்னேன். அவள் முத்திரையை எடுத்துக் குத்தினாள். எனக்கு முகம் எரிந்தது.

ஆறு வாரம் ஏன் எழுதவில்லை என்று கேட்பாய். கோபம்தான். உன் மேல் இருந்த கோபம் போகப் போக இடம் மாறிவிட்டது.

என் மகள் மரி-லோர் பிறந்தபோது எனக்கு முப்பது வயது. ஆபரேஷன் செய்து எடுத்தார்கள், எட்டு நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தேன். மூன்றாம் நாள் என் மாமியார் வந்தார்கள், அவர்கள்தான் மரேன். "பேரு போட்டுட்டு வந்துட்டேன். மரி-லோர். அழகா இருக்குதில்ல?" என்றார்கள். நான் வேறு பெயர் வைத்திருந்தேன். ஆறு மாதமாக வயிற்றைத் தடவி அந்தப் பெயரைச் சொல்லிக்கொண்டிருந்தேன். என் வீட்டுக்காரருக்கும் தெரியும். அவர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு நின்றார். நான் மாமியாருக்கு மெர்ஸி சொன்னேன்.

அந்தப் பெயர்தான் எஸ்தெல்.

இத்தனை வருஷமாக அதை யாரிடமும் சொன்னதில்லை. உன் பிள்ளையைக் கையில் வாங்கியபோது, காலி ஃபாரம் பையில் இருந்தபோது, நான் செய்வது என்னவென்று எனக்குத் தெரியவில்லை என்று சொன்னால் அது பொய். தெரிந்தது. எனக்குச் செய்ததை யாருக்காவது செய்துவிட்டால் அது வழக்கம் ஆகிவிடும், அப்போது வலிக்காது என்று ஏதோ ஒரு எண்ணம். இன்னும் விளக்கமாக எழுத என்னால் முடியவில்லை.

லீன் சீட்டை எழுதி ஒட்டியதும் நான்தான். நீ கேட்டது சரி.

விடிவெள்ளி என்கிற பெயர் எனக்கு இன்றைக்கும் பிடிக்கவில்லை. அதை மறைக்க மாட்டேன். ஆனால் உன் அம்மாவைப் பற்றி எழுதிய வரிக்கு வெட்கப்படுகிறேன். ஒன்று மட்டும் கேட்கிறேன், மாட்டேன் என்று சொல்ல உனக்கு உரிமை இருக்கிறது. பிரெஞ்சு ரிஜிஸ்டரில் இரண்டாவது பெயர் சேர்க்கலாம். யாரும் அதைக் கூப்பிட மாட்டார்கள். விடிவெள்ளிக்குப் பின்னால் எஸ்தெல் என்று ஒரு ஓரத்தில் இருக்கட்டுமா?

ஜாக்லின்


கருவடிக்குப்பம்,
02.02.2007

அன்புள்ள அண்ணிக்கு,

உங்கள் காகிதம் செல்லுபடியானது. நேற்று பெயரைத் திருத்திவிட்டார்கள். பழைய பெயரைச் சிவப்பு மையில் ஒரு கோடு போட்டு அடித்து, மேலே புதுப்பெயரை எழுதி, பெரிய அதிகாரி கையெழுத்துப் போட்டார். இராமதாஸ் சார் ஒரு தடவை வாய்விட்டுப் படித்துக் காட்டினார். வரிசையில் நின்ற ஒருத்தர், "யார்னா கட்சிக்காரர் வூட்டுப் பொண்ணா?" என்று கேட்டார். "இல்லைங்க, மீன்காரி வூட்டுப் பொண்ணு" என்றேன். சர்ட்டிபிகேட்டின் இரண்டு பிரதி உங்கள் தம்பிக்கு அனுப்பியிருக்கிறேன். மார்ச் வீடு போய்விட்டது, ஜூனில் இன்னொன்று கிடைக்குமாம். வருகிறோம். அங்கே கிரேஷில் சேர்த்தால் ஆணிக்கு மேலே முழுப் பெயரை நீங்கள்தான் எழுத வேண்டும்.

உங்கள் கடிதத்தைப் படித்த அன்றைக்கு எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. எனக்கு வந்த ஆத்திரத்தை என்ன செய்வது என்று தெரியவில்லை. உங்கள் மாமியார் உயிரோடு இருந்திருந்தால் அவர்களுக்கும் ஒரு கடிதம் போட்டிருப்பேன், இதைவிடப் பெரியதாக. ஜன்னலைப் பார்த்துக்கொண்டு நின்ற உங்கள் வீட்டுக்காரருக்கும் தனியாக ஒன்று. அறுத்துப் போட்ட வயிற்றோடு படுத்திருக்கிற பெண்ணிடம் வந்து அழகா இருக்குதில்ல என்று கேட்டார்களே, அதை என்னால் மன்னிக்க முடியவில்லை. நீங்கள் மெர்ஸி சொன்னதையும் மன்னிக்க முடியவில்லை.

இரண்டாவது பெயர் கேட்டீர்கள். முடியாது.

கோபத்தில் சொல்லவில்லை. யோசித்துத்தான் சொல்கிறேன். என் பிள்ளையின் பெயருக்குப் பின்னால், யாரும் கூப்பிடாத ஓரத்தில், நீங்கள் ஆறு மாதம் வயிற்றைத் தடவிச் சொன்ன பெயரைக் கொண்டுவந்து வைக்க வேண்டாம். அதற்கு அந்த இடம் போதாது. அந்தப் பெயருக்குச் சொந்தக்காரி உங்கள் வீட்டிலேயே இருக்கிறாள். மரி-லோருக்கு இருபத்திரண்டு வயது ஆகிறது. அவளுக்கு அம்மா வைத்த பெயர் ஒன்று இருக்கிறது என்று அவளுக்கே தெரியாது. என் வீட்டு ரிஜிஸ்டர் வரைக்கும் வந்து எழுதிய நீங்கள், அடுத்த அறையில் இருக்கிற பெண்ணிடம் சொல்லவில்லை.

இன்றைக்கு அவள் வேலை முடிந்து வந்ததும் உட்கார வைத்துச் சொல்லுங்கள். அவள் சிரித்தாலும் சரி, கோபித்துக்கொண்டாலும் சரி. ஒரு தடவையாவது எஸ்தெல் என்று அவளைக் கூப்பிட்டுப் பாருங்கள்.

கூப்பிட்ட பிறகு எனக்கு எழுதுங்கள். அதுவரைக்கும் எழுத வேண்டாம்.

அன்புசெல்வி